ஸெனேட் சபையில் மூப்புரிமை

ஒரு சபையில் பலர் ஒத்த உரிமையோடு கூடியிருக்குங்கால், அவருள் முன்னிருக்கத்தக்கார் யார், பின்னிருக்கத்தக்கார் யார் என்னும் வினா எழுவது இயல்பேயாம். கல்யாணப் பந்தலில் சந்தனக் கிண்ணத்தை முதலில் யாரிடம் நீட்டுவது என்பது தொடங்கிச் சங்கத்து ஆண்டுக் கூட்டத்தில் முன்வரிசை நாற்காலி யாருக்கு என்பது வரையில், இவ்வினாவால் விளைந்த மனத்தாங்கல்களை நம் அன்பர்கள் பலரும் கண்டிருப்பார்கள். உலகத்து வலிமிக்க சட்டசபைகளுள் ஒன்றாகிய அமெரிக்க ஐக்கிய நாட்டு மேல்சபையும் இதற்கு விலக்கன்று. அச்சபையார் இவ்வினாவுக்குக் கண்ட விடையையும், அவ்விடையால் அந்நாட்டு மக்களுக்கு விளைந்த நன்மை தீமைகளையும் வரலாற்று முறையில் ஈண்டு எழுதப் புகுகின்றோம்.

அம்மேல்சபைக்கு ஸெனேட் என்று பெயர். சிறிதாயினும் பெரிதாயினும் மாகாணம் ஒன்றுக்கு இருவர் வீதம், 50 மாகாணங்களுக்கு 100 அங்கத்தினர் அதில் அமர்ந்திருக்கின்றனர். ஒருவரது பதவிக்காலம் ஆறு ஆண்டு. ஒரே மாகாணத்து இருவருள் முன்னர்ச் சபை புகுந்தவரை 'மூத்த ஸெனேட்டர்' என்றும், பின்னர் வந்தவரை 'இளைய ஸெனேட்டர்' என்றும் வழங்குவர். இங்கே மூப்பென்பது வயதைப் பற்றியதன்று; இடையறாது சபையில் வீற்றிருந்த காலத்தைப் பற்றியது. தென் கரோலினா மாகாணத்து எர்னஸ்ட் ஹாலிங்ஸ் என்பார் 1966-ஆம் ஆண்டில் அச்சபைக்கு வந்தார். அவருக்கு முன்னரே அம்மாகாணத்தின் பொருட்டு அமர்ந்திருந்த ஸ்ட்ராம் தர்மாண்ட் என்பார் நூறு வயது நிரம்பிய பின்னர், 2003-ஆம் ஆண்டு ஜனவரியிலேதான் விலகினார். அதுகாறும் 36 ஆண்டுகள் ஹாலிங்ஸ் 'இளையவர்' என்றே அழைக்கப்பட்டார். அவர் 'மூத்தவர்' ஆனபோது அவருக்கு வயது 81. அப்பெயரை இரண்டே ஆண்டு தாங்கிவிட்டு 2005-இல் அவரும் ஓய்வு பெற்றார். தமையன் இருக்குமளவும் தம்பி தம்பிதானே!

இருவர் ஒரே நாளில் சபை புகுந்தால் என் செய்வது? அதற்கும் அச்சபையார் வரிசை வகுத்துள்ளனர். முன்னொருகால் ஸெனேட்டராய் இருந்தவர், உபஜனாதிபதியாய் இருந்தவர், கீழ்ச்சபையாகிய பிரதிநிதி சபையில் இருந்தவர், மந்திரியாய் இருந்தவர், மாகாண கவர்னராய் இருந்தவர் என்று முறையே நோக்குவர். இவற்றாலும் தீராதாயின், எவருடைய மாகாணத்தில் ஜனத்தொகை மிகுதியோ அவரே மூத்தவர். சில நாள் வித்தியாசமும் இவ்வரிசையில் கணக்கேறும். அதனால், ஓய்வு பெறப்போகும் ஸெனேட்டர்கள் தமக்குப் பின் வருபவர்க்குச் சில நாள் மூப்பு கிடைக்கட்டும் என்று தவணை முடியுமுன்னரே ராஜீனாமாச் செய்வது நெடுநாள் வழக்கமாயிருந்தது. அந்தத் தந்திரத்தால் கமிட்டி வரிசையில் பயன் பெறுதல் 1980-இல் இரு கட்சியாராலும் நிறுத்தப்பட்டது.

இவ்வளவு நுணுக்கமாகப் பேணப்படும் இம்முறை எந்தச் சட்டத்தில் எழுதப்பட்டுள்ளது என்று அன்பர்கள் கேட்கலாம். 1787-ஆம் ஆண்டில் பிலடெல்பியா நகரில் வகுக்கப்பெற்ற அரசியல் சாசனத்தை முதலிலிருந்து முடிவு வரை தேடினாலும் இதைப்பற்றி ஒரு சொல்லும் காணப்படாது. ஸெனேட்டர் ஆவதற்கு முப்பது வயது நிரம்பியிருத்தல் வேண்டும், ஒன்பது ஆண்டு அந்நாட்டுக் குடியாய் இருந்திருத்தல் வேண்டும் என்பன போன்ற விதிகளே அங்குள்ளன. மூன்றில் ஒரு பங்கினர் இரண்டாண்டுக்கொரு முறை தேர்தலுக்கு நிற்க வேண்டும் என்பதும் சாசன விதி. 1789 ஏப்ரல் 6-ஆம் நாள் சபை நடத்தற்குரிய தொகையினர் முதன்முதலாகக் கூடினர். மறு மாதமே, யார் இரண்டாண்டு இருப்பது, யார் நான்காண்டு, யார் ஆறாண்டு என்பதைத் தீர்க்க வேண்டியதாயிற்று. பெரிய குடும்பத்தார், பெரும்போரில் பெயர் பெற்றோர், செல்வர் எல்லாரும் அங்கிருந்தனர். எவரை எவருக்கு மேல் வைப்பது? சபையார் சீட்டெழுதிப் பெட்டியிலிட்டு எடுத்தனர். நியூயார்க் மாகாணத்து ஸெனேட்டர்கள் அவ்வாண்டு ஜூலையில் வந்து சேர்ந்தபோது அவர்களும் சீட்டெடுத்தே தம் காலத்தை அறிந்தனர். நம் இந்திய நாட்டு ராஜ்ய சபையும் 1952-ஆம் ஆண்டில் அமைந்தபோது, மூன்றிலொரு பங்கினர் இரண்டாண்டுக்கொரு முறை விலகும் இந்த ஏற்பாட்டைக் கைக்கொண்டு, முதல் அங்கத்தினருள் எவரெவர் எத்தனை ஆண்டு இருப்பதென்பதைச் சீட்டாலேயே தீர்த்துக்கொண்டது.

சீட்டு எவர் முகத்தையும் பார்ப்பதில்லை. மூப்புரிமையும் அங்ஙனமே எவர் முகத்தையும் பாராத ஒரு முறை என்பதை நம் வாசகர்கள் நினைவில் இருத்துவார்களாக. அம்முறை பிறந்த காரணமும் அதுவே; அதனால் விளைந்த கேட்டுக்குக் காரணமும் அதுவே.

நிற்க. வெறும் நாற்காலி வரிசையோடு இம்மூப்பு நின்றிருந்தால் இதைப்பற்றி இவ்வளவு எழுதுதல் வேண்டா. ஸெனேட் சபைக்கு வரும் மசோதா ஒவ்வொன்றும் அதற்குரிய கமிட்டி ஒன்றுக்கு அனுப்பப்படும். அக்கமிட்டியின் தலைவர் விரும்பினால் கூட்டம் கூட்டி விசாரிப்பார். விரும்பாவிடின் மேசைக்குள் வைத்துப் பூட்டிவிடுவார். அவ்வாறு பூட்டப்பட்ட மசோதா சூரிய வெளிச்சத்தைக் காணாமலே மடியும். நிரந்தரக் கமிட்டிகள் 1816-ஆம் ஆண்டு டிசம்பரில் ஏற்படுத்தப்பட்டன. ஆகவே அன்றுமுதல், கமிட்டித் தலைமையைக் கொடுப்பவர் யார் என்பதே சபையின் பெரும் பிரச்சினையாயிற்று.

முதலில் சபையார் தாமே வாக்களித்துக் கமிட்டிகளைத் தெரிந்தெடுத்தனர். காலம் மிக வீணாவது கண்டு, 1823-இல் அவ்வதிகாரத்தைச் சபையின் அக்கிராசனரிடம் ஒப்படைத்தனர். சாசனப்படி அக்கிராசனர் உபஜனாதிபதியே. அக்காலத்து உபஜனாதிபதி பெரும்பாலும் சபைக்கு வாராதவராதலின், அவருக்குப் பதிலாகச் சபையார் தம்முள் தெரிந்தெடுத்திருந்த தலைவரே அவ்வேலையைச் செய்தார், குறையொன்றும் எழவில்லை. 1825-இல் ஜான் கால்ஹூன் உபஜனாதிபதியானார். அவர் சபைக்கு நாள்தோறும் வருபவர். தம் கருத்தை நடத்துபவர். ஜனாதிபதி ஆடம்ஸுக்கு எதிர்ப்பானவர்களைக் கமிட்டித் தலைமைகளில் அவர் அமர்த்தினார் என்று ஆடம்ஸின் நண்பர் கொதித்தெழுந்தனர். ஓராண்டுக்குள், 1826-இல், கொடுத்த அதிகாரத்தைச் சபை பறித்துக்கொண்டது. பின்னர் 1828-இல் தம்முள் ஒருவராகிய தலைவர்க்கு அதைக் கொடுத்தனர். 1833-இல் அதனையும் மீட்டுக்கொண்டனர். ஒருவர் கையில் கொடுப்பதும் அஞ்சிப் பறிப்பதுமாகப் பத்தாண்டுகள் கழிந்தன.

இறுதியில் 1846-ஆம் ஆண்டு டிசம்பரில், கட்சிகள் தத்தம் கூட்டத்தில் எழுதிக் கொடுத்த ஜாபிதாவைச் சபையார் அப்படியே ஏற்பது என்னும் வழக்கம் தொடங்கிற்று. கட்சியார் அந்த ஜாபிதாவை எங்ஙனம் எழுதினர்? சென்ற முறை இருந்த வரிசையையே எழுதினர். இருந்தவர் இருந்த இடத்திலேயே இருப்பார். ஒருவர் மறைந்தாலோ தோற்றாலோ அடுத்தவர் ஒருபடி ஏறுவார். புதியவர் கடைசியில் சேர்வார். இவ்வாறு, எவரும் தீர்மானம் செய்யாமலும் எவரும் முன்மொழியாமலும் மூப்புரிமை அச்சபையில் குடிபுகுந்தது. அறிவிற் சிறந்தோரைத் தெரிவதற்கென அதை அவர்கள் கொண்டாரல்லர். தெரிவு செய்யும் கையை அவர்கள் அஞ்சினர், கையே வேண்டாத ஒரு முறை கிடைத்தது, அதைப் பற்றிக்கொண்டனர். உபஜனாதிபதிக்கும் ஜனாதிபதிக்கும் கட்சித் தலைவருக்கும் முகமன் கூறாமலே ஒருவர் தலைமை பெறலாம் என்பது சுதந்திர புத்தியுள்ளார்க்குப் பெரியதொரு காவல் அன்றோ?

அக்காவல் தகர்ந்த இரண்டு சம்பவங்கள் அந்நாட்டுச் சரித்திரத்தில் புகழ்பெற்றவை. இல்லினாய் மாகாணத்து ஸ்டீபன் டக்ளஸ் என்பார் 1847 முதல் பிரதேசங்கள் கமிட்டியின் தலைவர். கான்ஸாஸ் பிரதேசத்தின்மேல் அடிமை முறையை அதன் குடிகள் விருப்பத்துக்கு மாறாகச் சுமத்தும் சாசனத்தைத் தம் கட்சி ஜனாதிபதியாகிய புக்கானன் ஆதரித்தபோது, டக்ளஸ் அதனை எதிர்த்துப் பேசினார். 1858 டிசம்பரில் அவர் தென்னாட்டு யாத்திரையில் இருக்கையில், அவர் இல்லாத கூட்டத்திலே, பதினோராண்டு வகித்த தலைமை அவரிடமிருந்து பறிக்கப்பட்டது.

மற்றவர் மாஸசூஸெட்ஸ் மாகாணத்துச் சார்லஸ் ஸம்னர். அடிமை முறையைக் கண்டித்துப் பேசியதற்காக 1856-இல் சபைக்குள்ளேயே கைத்தடியால் அடிபட்டு, ஆண்டுக்கணக்கில் நோயுற்றுக் கிடந்து மீண்ட பெருந்தகை அவர். 1861 முதல் அயல்நாட்டு விவகாரக் கமிட்டியின் தலைமை அவரிடம் இருந்தது. யுத்தத்தில் வெற்றிவீரராய் விளங்கிய கிராண்ட் ஜனாதிபதியான பின்னர், ஸான்டோ டொமிங்கோ என்னும் தீவு நாட்டை அமெரிக்காவோடு சேர்த்துக்கொள்ள உடன்படிக்கை செய்தார். ஸம்னர் அதனை வன்மையாக எதிர்த்தார். 1870 ஜூனில் வாக்குகள் பாதிக்குப் பாதியாகப் பிரிந்து உடன்படிக்கை வீழ்ந்தது. மறு ஆண்டு மார்ச்சில் அவர் சொந்தக் கட்சியாரே அவரைத் தலைமையினின்றும் நீக்கினர். ஜனாதிபதியோடும் அயல்நாட்டு மந்திரியோடும் அவருக்குப் பேச்சுவார்த்தை இல்லை, ஆகவே வேலை நடவாது என்பது சொல்லப்பட்ட காரணம். உண்மைக் காரணம் யாவரும் அறிந்ததே. அவரிடத்துக்கு வந்தவர் கமிட்டியில் அடுத்த மூப்புடைய ஸைமன் காமெரன். பறிக்கும்போதுங்கூட அடுத்தவரைத் தாண்டிச் செல்லச் சபையார் துணியவில்லை. இச்செய்கை பலர் மனத்தை உறுத்திற்று. ஸம்னருக்கு நேர்ந்தது தமக்கும் நேரலாம் என்று அஞ்சினோர் மூப்பு வரிசையைப் பின்னும் இறுகப் பற்றினர்.

அதன்பின் அவ்வரிசையை மீறியது மிக அரிது. 1913-இல் ஜனநாயகக் கட்சி பெரும்பான்மை பெற்றபோது, சபை புகுந்து இரண்டே ஆண்டான ஜான் கெர்ன் என்பார் அக்கட்சியின் தலைவரானார். கறுப்பு மக்களை இகழ்ந்து பேசுவதிலேயே பெயரெடுத்தவரும், பக்கவாதத்தால் தளர்ந்தவருமான பென் டில்மன் செலவினக் கமிட்டித் தலைமையைத் தமக்குரிய பங்கெனக் கேட்டார். அது கிடைக்கவில்லை, கடற்படைக் கமிட்டியைக் கொடுத்து அமைதிப்படுத்தினர். 1924 ஜனவரியில் வேறொரு விநோதம் நிகழ்ந்தது. குடியரசுக் கட்சியாரே பெரும்பான்மையினர். ரெயில்வே விவகாரங்களைப் பார்க்கும் கமிட்டிக்கு அவர்களுள் மூத்தவர் ஆல்பர்ட் கம்மின்ஸ். அவர்தம் கட்சியிலிருந்த முற்போக்காளர் சிலர் அவருக்கு வாக்களிக்க மறுத்தனர். 32 முறை வாக்கெடுத்த பின்னர், எதிர்க்கட்சியாகிய ஜனநாயகக் கட்சியின் எலிஸன் ஸ்மித் தலைவரானார்! பெரும்பான்மைக் கட்சி கையிலிருந்து ஒரு தலைமை இவ்வாறு நழுவியதைக் கண்டபின், வரிசையை மீறிச் சண்டையிடுவதினும் பேசாதிருப்பதே மேல் என்று இரு கட்சியாரும் எண்ணியதில் வியப்பில்லை.

பேசாதிருந்ததன் விலை யாது? வர்ஜினியா மாகாணத்துக் கார்ட்டர் கிளாஸ் செலவினக் கமிட்டித் தலைவர். நாட்டின் பணப்பை முழுதும் அக்கமிட்டி வழியே செல்லவேண்டும். 1942-க்குப் பின் நோயினால் அவர் சபைக்கு வரவேயில்லை. ஆயினும் 1946-ஆம் ஆண்டு மே மாதத்தில் தமது 88-ஆம் வயதில் மறையும்வரை தலைவர் அவரே. தியடோர் பிரான்ஸிஸ் கிரீன் என்பார் 1957-இல் அயல்நாட்டு விவகாரக் கமிட்டித் தலைமையை ஏற்றபோது அவருக்கு வயது 89. கண்ணும் காதும் மங்கிய நிலையில், நண்பர்கள் நயமாக எடுத்துரைத்த பின்னர், 1959-இல் 91-ஆம் வயதில் விலகினார். ஒருவரை மூத்தவராக்க வரிசைக்குத் தெரியும். அவரை எழுந்திருக்கச் சொல்ல அதற்குத் தெரியாது.

ஆயினும் முதுமைத் தளர்ச்சியால் விளைந்த கேடு சிறிது. பெருங்கேடு பிறிதொன்று, அதனைச் சற்று விரித்தே கூறல் வேண்டும்.

மூப்பு வரிசையில் ஏறுவதற்கு ஒரே தகுதி தேர்தலில் தோலாமை. எந்த மாகாணத்தில் போட்டி கடுமையோ அந்த மாகாணத்து ஸெனேட்டர் அடிக்கடி மாறுவார்; வரிசையில் கீழேயே நிற்பார். எந்த மாகாணத்தில் போட்டியே இல்லையோ அங்கிருந்து வந்தவர் மேலேறிக்கொண்டே செல்வார். தென் மாகாணங்களில் பல தலைமுறையாக ஜனநாயகக் கட்சி ஒன்றே இருந்தது. கறுப்பு மக்கள் வாக்களிக்காதவாறு தலைவரி, எழுத்தறிவுச் சோதனை, அச்சுறுத்தல் முதலிய பல தடைகள் அங்கே எழுப்பப்பட்டிருந்தன. மிஸிஸிப்பி மாகாணத்து ஜனங்களுள் நூற்றுக்குச் சற்றேறக்குறைய 42 பேர் கறுப்பு இனத்தவர். 1964-ஆம் ஆண்டில் அவருள் வாக்களிக்கும் வயதுடையாரில் நூற்றுக்கு 7 பேர்கூட வாக்காளர் ஜாபிதாவில் இலர். இத்தகைய மாகாணங்களிலிருந்து வந்தவரே மீண்டும் மீண்டும் வந்தனர், மூத்தவராயினர், கமிட்டிகளின் தலைவராயினர். வாக்குரிமை மறுக்கப்பட்டோரின் மௌனமே அவர்கள் ஏறிய ஏணி. ஏறியபின், அம்மௌனத்தைக் கலைக்க வரும் மசோதாக்களைப் பூட்டிவைக்கும் திறவுகோலும் அவர்கள் கையிலேயே சேர்ந்தது. முகம் பாராத முறை என்று முன்னர்ச் சொன்னோம். வாசலில் யாரை உள்ளே விட்டனர், யாரைத் துரத்தினர் என்பதையும் அது பார்க்கவில்லை.

1956-ஆம் ஆண்டு பிப்ரவரியில் நீதித்துறைக் கமிட்டித் தலைவர் ஹார்லி கில்கோர் மறைந்தார். வரிசையில் அடுத்தவர் மிஸிஸிப்பியின் ஜேம்ஸ் ஈஸ்ட்லாண்டு. பள்ளிகளில் வெள்ளைக் குழந்தைகளையும் கறுப்புக் குழந்தைகளையும் பிரித்துவைத்தல் கூடாதென உச்ச நீதிமன்றம் 1954-இல் அளித்த தீர்ப்பைப் பகிரங்கமாக எதிர்த்தவர் அவர். சம உரிமை பற்றிய மசோதாக்களெல்லாம் செல்லவேண்டிய இடம் அக்கமிட்டியே. அலபாமாவின் மாண்ட்கமரி நகரில் கறுப்பு மக்கள் பஸ் ஏறாமல் நடந்தே வேலைக்குச் சென்றுகொண்டிருந்த மாதங்கள் அவை. ஈஸ்ட்லாண்டு தலைவராவதைத் தடுக்கச் சபைக்கு அதிகாரம் இருந்தது, மனம் இல்லை. எதிர்த்தோர் மிகச் சிலர். 22 ஆண்டுகள், 1978 வரை, அவர் அத்தலைமையில் இருந்தார்.

சம உரிமைச் சட்டத்தை வேண்டியோர் என் செய்தனர்? அவரை நீக்க அவர்கள் முயலவில்லை. வழியை மறித்த மரத்தை வெட்டாமல் சுற்றிப் போவாரைப்போலச் சுற்றிப் போயினர். 1957-ஆம் ஆண்டு மசோதா அக்கமிட்டிக்கு அனுப்பப்படாமலே நேராகச் சபையின் முன் வைக்கப்பட்டது. 1964 பிப்ரவரியில், பிரதிநிதி சபையில் நிறைவேறி வந்த பெரிய சம உரிமை மசோதாவைச் சபை முதல்வர் மைக் மான்ஸ்பீல்டும் அங்ஙனமே கமிட்டியைத் தாண்டி எடுத்துச் சென்றார். தென் மாகாணத்தார் ஓயாது பேசிப் பேசியே அதனை மாய்க்க முயன்றனர். ஜூன் 10-ஆம் நாள் 71-க்கு 29 வாக்கால் அப்பேச்சு நிறுத்தப்பட்டது. ஜூன் 19-இல் 73-க்கு 27 வாக்கால் மசோதா நிறைவேறிற்று. ஜூலை 2-இல் ஜனாதிபதி ஜான்ஸன் கையொப்பமிட்டார். 1965-ஆம் ஆண்டு வாக்குரிமை மசோதா ஈஸ்ட்லாண்டின் கமிட்டிக்கு அனுப்பப்பட்டதாயினும், ஏப்ரல் 9-க்குள் திருப்பி அனுப்பியாகவேண்டும் என்னும் கட்டளையோடு அனுப்பப்பட்டது. ஒரு நாட்டின் பெருஞ்சபை, தன் வேலைக்காரனுக்குத் தவணை சொல்வதுபோல் தன் கமிட்டிக்குத் தவணை சொல்லவேண்டியதாயிற்று. ஆனால் அதன் தலைவரைத் தொடவில்லை. அவரைத் தொட்டால் நாளைத் தம்மையும் தொடுவர் என்னும் அச்சம், நீதியுணர்ச்சி மிக்க ஸெனேட்டர்களின் நெஞ்சிலும் இருந்தது. ஸம்னருக்கு நேர்ந்த அநீதியை அஞ்சிக் கட்டிய மதிலுக்குள்ளே, ஸம்னர் ஆயுள் முழுதும் எதிர்த்த கொள்கை பத்திரமாய் வாழ்ந்தது.

இதனால் மூப்புரிமை முற்றும் தீதென்று கொள்வாரும் உளர். யாம் அவ்வளவு தூரம் செல்ல விரும்பவில்லை. ஹவாய் மாகாணத்து டானியல் இனொயே என்பாரை நோக்குமின். ஜப்பானிய வம்சத்தில் பிறந்தவர். இரண்டாம் உலக யுத்தத்தில் அவ்வம்சத்தாரை அமெரிக்க அரசாங்கம் சந்தேகித்துப் பதினாயிரக்கணக்கில் முகாம்களில் அடைத்தது. இனொயே அந்நாட்டுச் சேனையிற் சேர்ந்து 1945-இல் இத்தாலியப் போர்க்களத்தில் வலக்கையை இழந்தார். 1963-இல் ஸெனேட் புகுந்த அவர், எவர் தயவையும் வேண்டாது படிப்படியாய் ஏறி, 2009-இல் செலவினக் கமிட்டித் தலைவரும், 2010-இல் சபையின் இடைக்காலத் தலைவரும் ஆயினார். தெரிவு செய்யும் கை ஒன்று இருந்திருந்தால் அக்கை அவரைத் தெரிந்திருக்குமோ, தெரிந்திராதோ. வரிசை அவரைத் தடுக்கவில்லை.

இடையிடையே மூப்பின் கடுமையைத் தளர்த்த முயன்றோரும் இருந்தனர். லிண்டன் ஜான்ஸன் சபை புகுந்து நான்கே ஆண்டில், 1953-இல், ஜனநாயகக் கட்சியின் தலைவரானார். அவர் ஒரு புது முறை கண்டார்: முக்கியமான கமிட்டி ஒன்றிலேனும் ஒவ்வொருவருக்கும் இடம் கிடைத்த பின்னரே எவருக்கும் இரண்டாவது இடம். பந்தியில் யாவருக்கும் ஒருமுறை பரிமாறிய பின்னரே மறுசோறு என்பது போன்றது இது. புதியவர்கள் மகிழ்ந்தனர். தலைமை மட்டும் மூத்தோர் கையிலேயே இருந்தது.

மேலே இடைக்காலத் தலைவர் என்றோம். உபஜனாதிபதி வாராத நாட்களில் சபையை நடத்துபவர் அவர். 20-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி முதல், பெரும்பான்மைக் கட்சியில் மிக மூத்தவரையே அப்பதவியில் அமர்த்துவது வழக்கமாயிற்று. 1947-ஆம் ஆண்டுச் சட்டப்படி, ஜனாதிபதி பதவி காலியாயின் உபஜனாதிபதி, பிரதிநிதி சபைத் தலைவர் ஆகியோருக்கு அடுத்த உரிமை இவருக்கே. இதன் பொருளை அந்நாட்டார் 1963 நவம்பரிலேதான் உணர்ந்தனர். அம்மாதம் 22-ஆம் நாள் ஜனாதிபதி கென்னடி சுடப்பட்டு இறந்தார். உபஜனாதிபதி ஜான்ஸன் ஜனாதிபதியானார். உபஜனாதிபதி ஸ்தானம் காலியாயிற்று. 27-ஆம் நாள் இரு சபைகளின் முன் ஜான்ஸன் பேசியபோது, அவருக்குப் பின்னால் உயர்ந்த ஆசனங்களில் இருவர் வீற்றிருந்தனர். ஒருவர் பிரதிநிதி சபைத் தலைவர் ஜான் மக்கார்மாக், வயது 71. மற்றவர் இடைக்காலத் தலைவர் கார்ல் ஹேடன், வயது 86. அரிஸோனா மாகாணம் பிறந்த 1912-ஆம் ஆண்டு முதலே சட்டசபைகளில் இருந்தவர். முன்னரே இருதய நோய் கண்டவரான ஜான்ஸனுக்கு ஏதேனும் நேரின் நாட்டை ஆளவேண்டியவர் இம்முதியோரே என்பதை ஜனங்கள் அக்காட்சியில் கண்டனர். உபஜனாதிபதி ஸ்தானம் காலியானால் நிரப்பிக்கொள்ள வழிசெய்யும் திருத்தம் 1967-இல் சாசனத்தில் ஏறியது. மூப்பு வழக்கத்தை அப்போதும் எவரும் மாற்றவில்லை.

1970-களில் இரு கட்சியாரும் கமிட்டித் தலைவர்களைத் தம் கூட்டத்தில் வாக்கெடுத்து ஏற்கும் விதிகளைச் செய்தனர். விதி வந்தாலும் மனம் பழைய வழியிலேயே நின்றது. 1987-இல் குடியரசுக் கட்சி சிறுபான்மையானபோது, அயல்நாட்டு விவகாரக் கமிட்டியில் அக்கட்சியின் முதலிடம் யாருக்கு என்னும் போட்டி எழுந்தது. முன் இரண்டாண்டு தலைமையைத் திறம்பட நடத்தியவர் ரிச்சர்டு லூகர். சபையில் மூத்தவர் ஜெஸ்ஸி ஹெல்ம்ஸ். தம் மாகாணத்துப் புகையிலைக் குடியானவர்க்குக் கொடுத்த வாக்கின்படி அதுவரை விவசாயக் கமிட்டியில் இருந்தவர். கமிட்டியிலிருந்த கட்சியார் லூகரையே விரும்பினர். கட்சி முழுதும் கூடி வாக்களித்தபோது 24-க்கு 17 என்று ஹெல்ம்ஸ் வென்றார். கொள்கையில் அவருக்கு நேர்விரோதியாகிய லோவல் வைக்கரும் மூப்புரிமையின் பொருட்டு அவர் பக்கமே நின்றார்.

1995 மார்ச்சில் வரவுசெலவைச் சமன்படுத்தும் சாசனத் திருத்தத்தைக் குடியரசுக் கட்சி கொண்டுவந்தது. அக்கட்சியில் ஒருவரே அதனைக் கொள்கை காரணமாக எதிர்த்தார். அவர் செலவினக் கமிட்டித் தலைவர் மார்க் ஹாட்பீல்டு. திருத்தம் வீழ்ந்தது. இளைய அங்கத்தினர் சிலர் அவர் தலைமையைப் பறிக்கவேண்டுமென்றனர். பறிக்கப்படவில்லை. ஆனால் அவ்வாண்டிலேயே, ஒரு கமிட்டிக்கு ஒருவர் ஆறு ஆண்டுக்கு மேல் தலைவராயிருத்தல் கூடாதென அக்கட்சி விதி செய்து, 1997 முதல் நடைமுறைக்குக் கொணர்ந்தது. ஜனநாயகக் கட்சி அத்தகைய கால வரம்பை ஏற்கவில்லை.

கட்சி மாறினோர்க்கு மூப்பு உண்டா என்பதும் ஒரு கேள்வி. 1964-இல் தர்மாண்ட் கட்சி மாறியபோது அவரது மூப்பு குறையவில்லை. பென்ஸில்வேனியாவின் ஆர்லன் ஸ்பெக்டர் 2009 ஏப்ரலில் குடியரசுக் கட்சியை விட்டு ஜனநாயகக் கட்சியிற் சேர்ந்தார். 1981 முதல் சபையில் இருந்தவர். மூப்பு நிலைக்குமென நம்பி வந்தவர். மறு மாதத் தொடக்கத்திலேயே அவரைக் கமிட்டிகளின் கடைசி இடங்களில் வைத்து ஜாபிதா நிறைவேறிற்று. 28 ஆண்டு அமர்ந்தவர் நேற்று வந்தவர்க்கும் பின்னே அமர்ந்தார். புதுக் கட்சியில் வரிசையிட்டுக் காத்திருந்தோர் தம் படியை விட்டுக்கொடுக்க இசையவில்லை.

2023-ஆம் ஆண்டு ஜனவரியில் ஜனநாயகக் கட்சி சார்பில் இடைக்காலத் தலைமைக்கு உரியவர் கலிபோர்னியாவின் டயான் பைன்ஸ்டைன் அம்மையார். அப்போது வயது 89. அவர் வேண்டாமென்று சொல்லிவிட்டமையால், அடுத்த மூப்புடைய வாஷிங்டன் மாகாணத்துப் பேட்டி மரே அம்மையார் அதனை ஏற்றார். 1789 முதல் அவ்வாசனத்தில் அமர்ந்த முதற்பெண்மணி அவரே. 2025 ஜனவரியில் பெரும்பான்மை குடியரசுக் கட்சிக்கு மாறவே, அயோவா மாகாணத்துச் சக் கிராஸ்லி தம் 91-ஆம் வயதில் இரண்டாம் முறையாக அப்பதவிக்கு வந்தார். உடன் நீதித்துறைக் கமிட்டித் தலைமையையும் ஏற்றார். ஈஸ்ட்லாண்டு 22 ஆண்டு வகித்த தலைமை அது. கிராஸ்லி முன்னர் 2015 முதல் 2019 வரை நான்காண்டு அதனை வகித்துவிட்டபடியால், தம் கட்சியின் விதிப்படி அவருக்கு மிஞ்சியிருந்தவை இரண்டே ஆண்டுகள்.